கூரன் வீட்டு இரண்டாவது புருஷன்

காமஸ் பான் என்ற கடலோர ஊரில் ஒருவனைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் சர்ச்சுக்கும் சர்க்காருக்கும்தான். ஊர் கூப்பிடுவதற்கு அப்பன் பெயரோ, தொழிலோ, வாசலில் நிற்கும் மரமோ ஏதாவது ஒன்று முன்னால் ஒட்டிக்கொண்டாக வேண்டும். ஏற்கெனவே அங்கே மூன்று லாக்லன்கள் இருந்தார்கள். கடைக்கார லாக்லன், செவிட்டு லாக்லன், பள்ளத்து லாக்லன். நான்காவது லாக்லன் ஸ்கை தீவின் தென்முனையிலிருந்து ஒரு தகரப் பெட்டியோடு வந்து, விதவை ஷோனாக்கைக் கல்யாணம் செய்துகொண்டு, அவள் வீட்டிலேயே குடியேறினான். அவள் வீட்டு வாசலில் கூரன் மரம், இங்கிலீஷில் ரோவன், ஒன்று நின்றது. கோடையின் தொடக்கத்தில் கொத்துக் கொத்தாக வெள்ளைப் பூ, கோடை முடிந்தால் கொத்துக் கொத்தாகச் செக்கச்சிவந்த பழம். வந்த மறுநாளே அவன் கூரன் லாக்லன் ஆகிவிட்டான்.

வேறொருவனாக இருந்தால் சந்தோஷப்பட்டிருப்பான். கூரன் லேசுப்பட்ட மரமில்லை. வாசலில் அது நின்றால் கண்ணேறு அண்டாது, பசு பால் மறுக்காது என்று ஊரே நம்பியது. செவிடு என்றும் பள்ளம் என்றும் பெயர் சுமக்கிறவர்களைவிட இவன் கொடுத்துவைத்தவன்தான். ஆனால் அந்த மரத்தை நட்டவன் டோர்மட். ஷோனாக்கின் முதல் புருஷன். கல்யாணத்தன்று காலையில், மாப்பிள்ளைக் கோட்டோடு முழங்காலிட்டு நட்டானாம். இறால்கூடு எடுக்கப் போய்க் கடலோடு போய்ச் சேர்கிறவரைக்கும் கூரன் டோர்மட் என்றுதான் அவனுக்கும் பெயர். ஆக, செத்தவன் கழற்றிப் போட்ட சட்டையை ஊர் கூடி லாக்லனுக்கு மாட்டிவிட்டது. போதாக்குறைக்கு, "அளவு சரியாத்தான் இருக்கு" என்று சிரிக்கவும் சிரித்தது.

ஷோனாக் டோர்மட்டின் மற்ற சாமான்களையெல்லாம் கண்ணில் படாமல் எடுத்துவைத்துவிட்டாள். தொப்பி, புகைக்கும் பைப், கம்பளிச் சட்டை எல்லாம் பரணுக்குப் போயின. நாற்காலியைத் தன் தங்கச்சி வீட்டுக்கே கொடுத்தனுப்பினாள். மரத்தை எந்தப் பரணில் போடுவது? காலையில் கதவைத் திறந்தால் எதிரே அது. சாயங்காலம் களைத்து வந்தால் கேட்டருகில் அது. காற்றடிக்கும்போது கிளை ஒன்று படுக்கையறை ஜன்னலைத் தட்டும். அப்போதெல்லாம் லாக்லன் மனைவியின் முகத்தைப் பார்ப்பான். அவள் நிம்மதியாகத் தூங்கிக்கொண்டிருப்பாள். அந்தச் சத்தத்துக்குப் பழகிய தூக்கம் என்று நினைத்து நினைத்து இவன் வயிறு எரியும்.

அவனுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. கல்யாணமான பெண்ணைப் புருஷன் பெயரோடு சேர்த்துச் சொல்வதுதான் அந்த ஊர் வழக்கம். பக்கத்து வீட்டுக்காரியை 'செவிட்டு லாக்லனோட பேஹாக்' என்பார்கள். கடைக்காரி 'கடைக்கார லாக்லனோட கிர்ஸ்டி'. அதே மாதிரி யாராவது ஒருத்தர், வாய் தவறியாவது, 'லாக்லனோட ஷோனாக்' என்று சொல்லிவிட வேண்டும். ஆனால் ஊர் அவளைக் கூரன் ஷோனாக் என்றது, கிழடுகள் இன்னும் டோர்மட்டோட ஷோனாக் என்றன. இவனைப் பார்த்து, "ஓ, கூரன் ஷோனாக்கோட ஆளா?" என்று கேட்டவர்களும் உண்டு. ஆளாம்! கூலிக்கு வந்தவனைக் கேட்பதுபோல.

லாக்லனுக்குச் சாலை வேலை. காமஸ் பானிலிருந்து பாலம் வரைக்கும் அவன் பொறுப்பு. வாய்க்கால் தூர் எடுப்பது, குழிக்கு ஜல்லி போடுவது, பனிக்காலத்தில் மணல் தூவுவது. தாரக் பள்ளம், பேஹே வயல், கவுல்டின் முனை என்று அவன் போகிற வழியெல்லாம் மரப் பெயர்கள்தான். ஊர்ப் பழைய பாஷையில் தாரக் என்றால் ஓக், பேஹே என்றால் பிர்ச், கவுல்டின் என்றால் ஹேசல். அந்தப் பள்ளத்தில் ஓக் மரத்தைக் கண்ணால் கண்டவன் யாரும் உயிரோடு இல்லை. ஊர்க் கிழடுகளின் தாத்தாக்களும் கண்டிருக்க மாட்டார்கள். பேஹே வயலில் பொட்டல் சேறும் கோரைப் புல்லும்தான். தினமும் அதன் நடுவே சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனவன் அதைக் கவனித்திருக்க வேண்டும். பொறாமைக்காரனுக்கு ஒரு மரம்தானே கண்ணில் படும்.

ஒரு நாள் தபால் பஸ் ஓட்டுகிற ரூரி பாலத்தருகே வண்டியை நிறுத்திவிட்டு வம்புக்கு வந்தான். ரூரிக்கு வம்பு இல்லாவிட்டால் சாப்பாடு இறங்காது.

"என்னப்பா கூரன், மூஞ்சிய ஏன் தூக்கி வச்சிருக்க?"

"எனக்கு அப்பா அம்மா வச்ச பேரு ஒண்ணு இருக்கு."

"இருக்கு, இருக்கு. அதுக்கும் கூரன்தான் வருது, போ. நம்ம பழைய எழுத்துக்கெல்லாம் மரத்துப் பேருதானே? உன் பேருல முத எழுத்துக்கு என்ன மரம்னு வாத்தியாரக் கேட்டேன். கூரன்தானாம்!"

லாக்லனின் மண்வெட்டி அப்படியே நின்றது. "டோர்மட்டோட எழுத்துக்கு?"

"முள்ளுப்புதர். மஞ்சப்பூ பூக்குமே, ஆடு கூட வாய் வைக்காது, அது."

அன்று அவன் சைக்கிளைத் தள்ளவில்லை, ஏறி மிதித்தான். நட்டது யாராயிருந்தால் என்ன, எழுத்துப்படி மரம் தன்னுடையது! ஷோனாக் அடுப்புப் பக்கம் உருளைக்கிழங்கு வடித்துக்கொண்டிருந்தாள். கோட்டைக்கூடக் கழற்றாமல் செய்தியைச் சொன்னான்.

"அப்படியா? நல்லாத்தான் இருக்கு" என்றாள் அவள். "டோர்மட்டுக்கு?"

"முள்ளுப்புதர்."

ஷோனாக் பானையைக் கீழே வைத்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். "பொருத்தந்தான், போ! அவன் தாடி அப்படித்தான் குத்தும்."

லாக்லன் தன் தாடையைத் தடவிப் பார்த்தான். தாடி குத்தியது இன்னும் அவளுக்கு ஞாபகம் இருக்கிறது. மறுநாள் காலையில் இரண்டு தடவை சவரம் செய்துகொண்டான்.

அந்த வாரமே வாய் திறந்து கேட்டுவிட்டான். "அந்த மரம் ஜன்னலை மறைக்குது. எடுத்துறலாமே."

"எடேன்" என்றாள் ஷோனாக். "கோடாலி கொட்டகையில இருக்கு."

அவள் அவ்வளவு சுலபமாகச் சொன்னது அவனுக்குப் பிடிக்கவில்லை. அழுதிருந்தாலும் பிடித்திருக்காது. கோடாலியை எடுத்துக்கொண்டு மரத்தடிக்குப் போனான். கூரன் மரத்தில் இரும்பு வைக்கக்கூடாது என்று பிறந்தது முதல் கேட்டு வளர்ந்த கை, தோளுக்கு மேல் எழும்பவில்லை. அவனுடைய ஊரில் ஒருத்தன் விறகுக்கு ஒரு கிளை வெட்டினானாம், அப்புறம் அவன் பசு கன்றே போடவில்லையாம்.  வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து பேஹாக் எட்டிப் பார்த்தாள்.

"என்ன கூரன் லாக்லன், மரத்தைப் பாராட்டிட்டு நிக்கிறியா?"

"கோடாலிக்குக் காம்பு ஆடுது. பாத்துட்டிருக்கேன்" என்று திரும்பி வந்தான்.

ரூரியைக் கேட்டான், செவிட்டு லாக்லனைக் கத்திக் கத்திக் கேட்டான். பாட்டில் விஸ்கி வாங்கித் தருவதாகவும் சொன்னான். விஸ்கியைக் குடிக்க எல்லாரும் தயார், மரத்தைத் தொட ஒருத்தரும் இல்லை.

இரும்பு வைக்கக்கூடாது என்றுதானே சொல்லியிருக்கிறது? தானாகப் பட்டுப்போனால் யார் என்ன செய்ய முடியும்? இந்த யோசனை வந்தபோது அவன் கொட்டகையில் மீன் பீப்பாயின் முன்னால் நின்றுகொண்டிருந்தான். பனிக்காலம் முழுக்கச் சாப்பிட ஹெர்ரிங் மீனை உப்புப் போட்டு அடுக்கிய பீப்பாய். மீனுக்கு மேல் கண்ணீர் வரவைக்கும் உப்புத்தண்ணீர் நின்றது.

ஊர் மொத்தமும் வீட்டைவிட்டு வெளியே போவது ஞாயிற்றுக்கிழமை காலையில்தான். அந்த ஞாயிறு லாக்லனுக்கு முதுகு பிடித்துக்கொண்டது. ஷோனாக் கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு தனியாகக் கிளம்பினாள். மலைத் திருப்பத்தில் கடைசித் தொப்பி மறைந்ததும் இவன் எழுந்து, பீப்பாயிலிருந்து வாளியில் மொண்டு, மரத்தின் வேரைச் சுற்றி ஊற்றினான். ஓய்வு நாளில் உருளைக்கிழங்கு உரித்தாலே முகம் சுளிக்கிற ஊர் அது. சனிக்கிழமையே உரித்து வைத்துவிடுவார்கள். அங்கே இவன் சங்கீதம் பாடுகிற நேரத்தில் வாளி தூக்கினான். பயம் இல்லாமல் இல்லை. ஆனால் ஊற்ற ஊற்ற நெஞ்சு குளிர்ந்தது. "குடி டோர்மட், குடி. உனக்குப் பழக்கப்பட்ட தண்ணிதானே" என்று வாய்விட்டே சொன்னான். கடலில் போனவனிடம் சொல்லக்கூடிய வார்த்தையா அது? பொறாமை அவனை அவ்வளவு கீழே இறக்கியிருந்தது.

பீப்பாயில் உப்புத்தண்ணீர் தீர்ந்ததும் கடல் தண்ணீரில் உப்பைக் கரைத்தான். ஞாயிறுதோறும் முதுகு பிடித்தது. சர்ச்சில் அவன் முதுகுக்காக ஜெபம் பண்ணினார்கள். ஒரு நாள் போதகரே வீடு தேடி வந்துவிட்டார். ஷோனாக் அவருக்கு உருளைக்கிழங்கும் ஹெர்ரிங்கும் வைத்தாள். மீன் மஞ்சள் பூத்துக் கிடந்தது. உப்புத்தண்ணீர் இல்லாமல் காய்ந்து எண்ணெய் சிக்கு வாடை. போதகர் ஒரு வாய் வைத்துவிட்டு நீண்ட நேரம் மென்றார்.

"முதுகு எப்படி இருக்கு லாக்லன்?"

"வாரநாள்ல தேவலைங்க ஐயா. ஞாயித்துக்கிழமைதான் படுத்துது."

"ஆச்சரியமான வியாதி" என்றார் போதகர். ஷோனாக் சட்டென்று எழுந்து கெட்டிலைப் பார்க்கப் போய்விட்டாள்.

மரமா? மரம் அந்த வருஷம் காய்த்த மாதிரி என்றைக்கும் காய்க்கவில்லை. இலை தெரியாமல் பழம். கிளைகள் பாரம் தாங்காமல் வளைந்தன. பறவைகள் நாள் முழுக்க அதில் கல்யாண விருந்து நடத்தின. பாதையில் போகிறவர்கள் நின்று பார்த்து, "டோர்மட்டோட கை ராசிக்கை" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். லாக்லன் ஜன்னலுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தான். மஞ்சள் மீனைப் பனிக்காலம் முழுக்க இருவரும் சாப்பிட்டார்கள். ஷோனாக் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

அடுத்த வசந்தத்தில் ஊரே பச்சை கட்டியபோது கூரன் மட்டும் கட்டவில்லை. ஒரே ஒரு கிளை துளிர்த்து, அதுவும் சுருண்டு கருகியது. லாக்லன் வெளியில் உச்சுக்கொட்டினான், உள்ளுக்குள் கூத்தாடினான். இனி என்ன சொல்லிக் கூப்பிடுவார்கள்? மரமே இல்லையே! வாரம் போயிற்று, மாதம் போயிற்று. தபால் பஸ் பாலத்தருகே நின்றது.

"என்னப்பா கூரன், எப்படி இருக்க?"

"எந்தக் கூரன்? மரந்தான் செத்துப்போச்சே!"

ரூரி அவனைப் பரிதாபமாகப் பார்த்தான். "நீ எங்க நின்னு பேசுற?"

"தாரக் பள்ளத்துல."

"தாரக் எங்கப்பா? காட்டு பாப்போம்."

லாக்லன் சுற்றிலும் பார்த்தான். சேறு, கல், இரண்டு ஆடு. தினம் தினம் தூர் எடுத்தே பொழுதைக் கழித்த பாதை முழுக்க, போய்ச் சேர்ந்த மரங்களின் பெயர்கள் மட்டும் திடமாக நின்றுகொண்டிருந்தன. இந்த மண்ணில் மரம்தான் சாகும். அது தெரியாமல் ஒரு பீப்பாய் மீனை வீணாக்கியிருக்கிறான். டோர்மட்டின் மரமாவது ஒரு நாள் முறிந்திருக்கும், டோர்மட்டின் பெயர் இனி முறியாது. அன்று அவன் வேலை செய்யவில்லை. மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

அதோடு போயிருந்தாலும் பரவாயில்லை. மே மாதம் அதிசயமாக மழையே இல்லை. வெயில் காயக் காய, பட்ட மரத்தைச் சுற்றி மண் வெள்ளையாகப் பூத்தது. பேஹாக்கின் ஆடுதான் முதலில் கண்டுபிடித்தது. நின்று நக்கியது. மறுநாள் இன்னும் கொஞ்சம் ஆடுகள். அப்புறம் ஊரில் உள்ள ஆடெல்லாம் குட்டியும் தாயுமாக வந்து கூரன் மரத்தடியில் தலை குனிந்து நின்றன. லாக்லன் கல்லெறிந்தான், கத்தினான். போவதுபோலப் போய்த் திரும்பி வந்தன.

பேஹாக் வேலியைத் தாண்டி வந்தாள். குனிந்து ஒரு சிட்டிகை மண்ணை எடுத்து நாக்கில் வைத்தாள். கண்ணை மூடி யோசித்தாள்.

"ஹெர்ரிங்" என்றாள்.

லாக்லன் வானத்தைப் பார்த்தான்.

"போதகர் சாப்பிட்ட மஞ்ச மீனு. ஞாயித்துக்கிழமை முதுகு" என்று விரல் மடக்கிக்கொண்டே வந்தாள் பேஹாக். "ஐயோ, நாசமாப் போறவனே! உன் முதுகுக்கு நான் முழங்கால் தேய ஜெபம் பண்ணேனேடா!"

சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது. அடுத்த ஞாயிறு லாக்லனின் முதுகு சரியாகிவிட்டது. கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தான். போதகர் அன்று பேசியது பிறன் பொருளை இச்சிப்பதைப் பற்றி. அவர் யாரையும் பார்க்கவில்லை, மற்ற எல்லாரும் பார்த்தார்கள்.

ஜூலையில் ஆட்டுக்கு மயிர் கத்தரிக்கிற நாள். ஊர் ஆடுகளையெல்லாம் மலையிலிருந்து இறக்கி ஒரே பட்டியில் அடைத்து, எல்லாரும் சேர்ந்து செய்கிற வேலை. ஆண்கள் கத்தரி பிடிக்க, பெண்கள் மயிரைச் சுருட்டிக் கட்டிக்கொண்டே தேநீரும் கொடுப்பார்கள். லாக்லன் ஒரு மூலையில் தலை நிமிராமல் கத்தரித்துக்கொண்டிருந்தான். அப்போது பேஹாக், பட்டியின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குக் கேட்க, குரல் கொடுத்தாள்.

"ஏ, உப்பு லாக்லனோட ஷோனாக்! அந்தக் கெட்டிலை இங்க குடு!"

பட்டியில் கத்தரிச் சத்தம் நின்றது. அப்புறம் ஒரே சிரிப்பு. செவிட்டு லாக்லனுக்கே கேட்டுவிட்டது. லாக்லனின் கையிலிருந்த ஆடு பாதி மயிரோடு எழுந்து ஓடியது. எத்தனை வருஷமாகக் காத்திருந்த வார்த்தை! ஊருக்கு நடுவே, சத்தமாக, அவன் பெயரோடு அவள் பெயர். வந்த வேளையைப் பார். பூமி பிளந்து தன்னை விழுங்கினால் தேவலை என்று நினைத்தான்.

ஷோனாக் கெட்டிலைத் தூக்கிக்கொண்டு நிமிர்ந்து நடந்தாள். "இந்தா வர்றேன். உப்பு லாக்லன் பொண்டாட்டிக்கு ரெண்டு கைதான் இருக்கு" என்றாள்.

வீட்டுக்குத் திரும்பும்போது அவன் நாலடி பின்னால் நடந்தான். பேஹே வயலுக்கு அருகே அவள் நின்று காத்திருந்தாள்.

"உனக்கு எப்ப தெரியும்?" என்று கேட்டான்.

"முத வாரமே. பீப்பாயத் திறந்தா மீன் காஞ்சு கெடக்கு. உன் ஞாயித்துக்கிழமைச் சட்டை துறைமுகம் மாதிரி நாறுது. எல்லாரும் உனக்கு ஜெபம் பண்றப்ப, எங்க சிரிச்சுருவேனோன்னு நான் உதட்டக் கடிச்சிட்டு உக்காந்திருந்தேன்."

"தெரிஞ்சுமா அந்த மீனைத் தின்ன? சொல்லியிருக்கலாமே!"

"சொன்னா நிறுத்திருப்ப."

லாக்லனுக்குப் புரியவில்லை. அவள் பாதையோரக் கல்லில் உட்கார்ந்தாள்.

"டோர்மட் நல்லவன். குறை சொல்ல மாட்டேன். ஆனா கல்யாண வீட்டு டான்ஸ்ல நான் எவன்கூட ஆடினாலும், அவன் பாட்டுக்குப் பைப்ப வாயில வச்சிட்டுக் கதை பேசிட்டிருப்பான். ஒரு நாள் முகம் சுளிச்சதில்ல. ஆடி முடிச்சு வந்தா, 'நல்லாப் பொழுது போச்சா?'ம்பான். எனக்காக ஒருத்தன் வயிறெரியட்டுமேன்னு ஏங்கியிருக்கேன், மனுஷா. நீ வந்த. செத்தவன்கூட மல்லுக்கட்டுன, ஆண்டவன் நாளக் கெடுத்த, பீப்பாய் மீனக் கெடுத்த. எல்லாம் என்னை வச்சு. அந்த மஞ்ச மீன் எனக்கு ருசியாத்தான் இருந்துச்சு, போ."

லாக்லன் அவள் பக்கத்தில் உட்கார்ந்தான். நெஞ்சில் இத்தனை காலம் கிடந்த கல் இறங்கியது. அவள் கையைப் பிடித்துக்கொண்டான். பாதையில் யார் வந்தாலும் வரட்டும் என்று அப்படியே இருந்தான். இருவரும் சேர்ந்தே நடந்து கேட்டருகில் வந்தார்கள். பட்ட மரத்தின் கீழே மயிர் கத்தரித்த ஆடுகள் வெட்கமில்லாமல் நக்கிக்கொண்டிருந்தன. அதைப் பார்த்ததும் அவன் நடை தளர்ந்தது.

"ஒரு நாள் கூடவா?"

"என்ன ஒரு நாள் கூட?"

"டோர்மட். பொறாமையே படலையா?"

"இல்லன்னேனே."

"ஏனாம்?"

"எனக்கென்ன தெரியும்? இவ எங்கயும் போக மாட்டான்னு நிச்சயமா இருந்திருப்பான்" என்று சொல்லிவிட்டு அவள் உள்ளே போய் அடுப்பைக் கிளறினாள்.

லாக்லன் வெளியிலேயே நின்றான். நிச்சயமாக இருந்தானா? பைப்பை வாயில் வைத்துக்கொண்டு, காலை நீட்டிக்கொண்டு, அவ்வளவு நிச்சயமாகவா? அவளை எவன் பெயரோடு சேர்த்துச் சொல்கிறார்கள் என்று ஒரு நாளாவது காதைத் தீட்டியிருப்பானா அந்தப் பயல்? மரத்தைக் கொல்லலாம். அந்த நிச்சயத்தை எந்த உப்பை ஊற்றிக் கொல்வது? போன வேகத்தில் வயிற்றெரிச்சல் திரும்பி வந்தது, முன்னைவிடக் கொழுத்து.

"லாக்லன், வா, ஆறிரும்! புது மீனு!" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

போனான். உட்கார்ந்தான். தட்டில் வெள்ளை வெளேரென்று மீன், ஆவி பறக்கும் உருளைக்கிழங்கு. கை வைக்கவில்லை.

"ஷோனாக்."

"ம்?"

"டான்ஸ்ல யார் யார்கூட ஆடுவ?"